தமிழறியாத தமிழ்ப்பட டைரக்டர்

ஆழ்வார்பேட்டையினின்று தேனாம்பேட்டைக்குச் செல்லும் எல்டாம்ஸ் சாலை நமக்குச் சிறுவயது முதலே பழகிய சாலை. பள்ளிக்கும் கடைத்தெருவிற்கும் அவ்வழியே எத்தனையோ முறை நடந்திருக்கிறோம். ஆயினும், அச்சாலையில் ஒரு காலத்தில் பித்தாபுரம் அரசருக்குரிய டன்மோர் மாளிகை இருந்ததென்பதும், 1934-ஆம் ஆண்டில் வேல் பிக்சர்ஸ் என்னும் பேசும்படக் கம்பெனியார் அம்மாளிகையில் ஸ்டூடியோ ஒன்று அமைத்தனர் என்பதும் சென்ற ஆண்டுவரை நாம் அறியாதவை. இன்று வண்டிகளின் இரைச்சலுக்கிடையே அங்கு நின்று பார்ப்பாருக்கு அதன் சுவடு ஒன்றும் புலப்படுவதில்லை. வேல் பிக்சர்ஸ் பின்னர்க் கிண்டிக்குப் பெயர்ந்தது. எனினும், நம் தமிழ்ப் படக்கலையின் வரலாற்றில் விந்தையான ஓர் அத்தியாயம் அக்கம்பெனியின் ஸ்டூடியோவில்தான் தொடங்கிற்று. தமிழில் ஒரு சொல்லும் அறியாத இருபத்தாறு வயது இளைஞர் ஒருவர், தம் முதல் தமிழ்ப் படத்தை அங்கே டைரக்ட் செய்தார். அவர் பெயர் எல்லிஸ் ஆர். டங்கன்.

வெள்ளை நிறத்தவர் அனைவரையும் இங்கிலீஷ்காரர் என்று கொள்வது நம்மவர் வழக்கம். டங்கன் துரையையும் ‘இங்கிலீஷ்கார டைரக்டர்’ என்றே நம் தெருவில் முதியோர் சிலர் குறிப்பிடக் கேட்டோம். அவர் ஆங்கிலேயர் அல்லர், அமெரிக்கர். 1909-ஆம் ஆண்டு மே மாதம் 11-ஆம் நாள் ஒஹாயோ மாகாணத்துப் பார்ட்டன் என்னும் ஊரில் பிறந்தவர். கலிபோர்னியாவில் ஹாலிவுட்டுக்கு அண்மையிலுள்ள தென்கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் படப்பிடிப்புக் கலையைப் பாடமாகவே பயின்றவர். அக்காலத்தில் சினிமாவை ஒரு கல்லூரிப் பாடமாகக் கற்பித்தல் உலகிலேயே அரிது. அவருடன் பயின்றோருள் இந்தியர் ஒருவர் இருந்தார். மாணிக்லால் டாண்டன் என்பது அவர் பெயர். அவர் அழைப்பை ஏற்று, மைக்கேல் ஓமலேவ் என்னும் மற்றொரு தோழருடன் 1935-இல் டங்கன் கப்பலேறி இந்தியா வந்தார். சில மாதங்கள் தங்கிப் பார்த்துவிட்டுத் திரும்புவதே அவர் கருத்து. பதினைந்து ஆண்டுகள் தங்கிவிட்டார்.

நாம் தமிழ் ஆனர்ஸ் வகுப்பில் பயில்வோம். ஒரு சொல்லின் பொருளை அறிய மூன்று உரைகளைப் புரட்டுவது நம் அன்றாடத் தொழில். மேலும், நம் கல்லூரி போன்றவற்றைத் தோற்றுவித்த வழியில் வந்த கால்டுவெல் 1838-இலும் போப் 1839-இலும் சென்னையில் வந்திறங்கியவர்கள். முன்னவர் 1856-இல் திராவிட மொழிகளின் ஒப்பிலக்கணம் வெளியிட்டார். பின்னவர் 1886-இல் திருக்குறளை ஆங்கிலத்தில் தந்தார். கடல் கடந்து வந்தவர் தமிழுக்கு ஏதேனும் செய்யவேண்டுமாயின் முதலில் தமிழைக் கற்றல் வேண்டும் என்பதே நாம் வகுப்பறையில் பெற்ற எண்ணம். ஆதலின், பதினைந்து ஆண்டு இங்கிருந்து பத்துக்கு மேற்பட்ட தமிழ்ப் படங்களை உருவாக்கிய ஒருவர் தமிழைக் கற்கவேயில்லை என்று அறிந்தபோது நமக்கு முதலில் எழுந்தது சினமே. அச்சினம் எவ்வாறு தணிந்தது, எவ்வளவு தணியாமல் நின்றது என்பதே இக்கட்டுரையின் பொருள்.

டங்கன் வந்தபோது தமிழ்ப் பேசும்படத்திற்கு வயது நான்கு. முதற் படமாகிய ‘காளிதாஸ்’ 1931-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 31-ஆம் நாள் வெளிவந்தது. சென்னையிலே தமிழ்ப் பேசும்படம் பிடிக்கும் வசதி 1934-இல்தான் உண்டாயிற்று, அவ்வாண்டில் ஏ. நாராயணன் ஸ்ரீனிவாஸ ஸினிடோனைத் தொடங்கினார், வேல் பிக்சர்ஸும் தோன்றிற்று. அதன்முன் படம் எடுக்க விரும்பியோர் நடிகர், பாடகர், சமையற்காரர் முதலிய பரிவாரத்துடன் பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ ரயிலேறவேண்டியிருந்தது. எடுக்கப்பட்டவையோ பெரும்பாலும் நாடக மேடையில் ஓடி வெற்றி கண்ட புராணக் கதைகள். காமிரா ஓரிடத்தில் நிறுத்தப்படும். அது நாடகக் கொட்டகையில் முதல் வரிசையில் அமர்ந்த கனவானைப்போல அசையாது நோக்கிக்கொண்டிருக்கும். நடிகர் ஒலிவாங்கிக்கு எட்டும் தொலைவில் வரிசையாய் நின்று, கடைசி வரிசைக்காரனுக்கும் கேட்கவேண்டுமென்ற பழைய பழக்கத்தால் உரக்கப் பேசுவர், பாடுவர், மீண்டும் பாடுவர். ஒரு படத்தில் நாற்பது ஐம்பது பாட்டுக்கள் இருத்தல் வியப்பன்று.

மெய்ப்பாட்டை நுண்ணிதின் உணர்தல் கண்ணாலும் செவியாலும் ஆவது என்பது தொல்காப்பியர் கருத்து. நகையும் அழுகையும் அச்சமும் உவகையும் உடம்பில் தோன்ற, அவற்றைக் காண்பான் உணர்கிறான். நம் பழைய பேசும்படங்களோ செவிக்கு மட்டும் பந்தி வைத்துக் கண்ணைப் பட்டினி போட்டன. இலக்கண ஆசிரியர் இரண்டாயிரம் ஆண்டுக்கு முன்னர்க் கூறிய இரு புலன்களுள் ஒன்றைப் பேசும்படக்காரர் மறந்துபோயினர் எனலாம்.

டாண்டன் அப்போது டைரக்ட் செய்துகொண்டிருந்த படம் ‘நந்தனார்’. கே. பி. சுந்தராம்பாள் ஆண்வேடம் பூண்டு நந்தனாராக நடிப்பதற்கு ஒரு லட்சம் ரூபாய் பெற்றார் என்பது அன்று நாடெங்கும் பேசப்பட்ட செய்தி. டங்கன் அப்படத்தில் தோழருக்கு உதவியாயிருந்தார். படம் வெளிவந்ததும் கல்கி எழுதிய விமரிசனம் இன்றும் நினைக்கப்படுகிறது. படத்தில் வரும் பனைமரமும் எருமைக்கடாவும் ஆட்டுக்குட்டியுமே நன்றாக நடித்திருக்கின்றன என்று அவர் கேலி செய்தார். நகைச்சுவைக்காக எழுதியது தான். ஆயினும் அதில் ஓர் உண்மை மறைந்திருப்பதாக நமக்குத் தோன்றுகிறது. அம்மூன்றுக்கும் வசனம் இல்லை. காமிராவின் முன் அவை தாம் இருந்தபடியே இருந்தன.

அடுத்த படத்தின் முதலாளி டாண்டனை நாடியபோது, அவர் தம் தோழரைச் சுட்டிக்காட்டினார். அதுவே ‘சதி லீலாவதி’. 1936-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் வெளிவந்தது. எஸ். எஸ். வாசன் ஆனந்த விகடனில் தொடர்ந்து எழுதிய கதை. சென்னையில் செல்வத்தோடு வாழும் ஒருவன் தீயோர் சேர்க்கையால் குடியில் வீழ்கிறான். நண்பனைக் கொன்றுவிட்டதாக எண்ணி இலங்கைக்கு ஓடித் தேயிலைத் தோட்டத்தில் கூலியாகிறான். மனைவி ஊரில் துன்புறுகிறாள். கதை யாருடையது என்பதில் ‘பதிபக்தி’ நாடகத்தாரோடு வழக்கு மூண்டது. முடிவில் வெளிப்பட்டது யாதெனின், இரண்டிற்கும் மூலம் ஹென்றி வுட் அம்மையார் 1860-இல் எழுதிய ‘டேன்ஸ்பரி ஹவுஸ்’ என்னும் ஆங்கில நாவல் என்பதே. ஸ்காட்லாந்து மதுவிலக்குச் சங்கத்தாரின் பரிசு பெற்ற நூல் அது. ஆங்கில அம்மையார் ஸ்காட்லாந்துக்காரருக்காக எழுதிய கதை, தமிழ் வாரப் பத்திரிகையில் உருமாறி, அமெரிக்கர் ஒருவர் கையால் தமிழ்ப் படமாயிற்று! எது அயல், எது நம்முடையது என்று கோடு கிழிப்பார்க்கு இஃது ஒரு தலைவலி.

எம். கே. ராதா கதாநாயகர். டி. எஸ். பாலையாவும் என். எஸ். கிருஷ்ணனும் அப்படத்தின் வாயிலாகவே திரைக்கு வந்தனர். போலீஸ் இன்ஸ்பெக்டராகச் சில காட்சிகளில் தோன்றிய மற்றொரு புதிய நடிகர் எம். ஜி. ராமச்சந்திரன். 1917-இல் பிறந்தவர், அப்போது வயது பத்தொன்பது. இதை எழுதும் நமக்கும் அதே வயது. பிற்காலத்தில் இந்நாட்டு முதலமைச்சராகவிருந்த அவர் ஓர் ஓரத்தில் சீருடையுடன் நிற்க, அவருக்குச் சொல்லவேண்டியதை மற்றொருவர் வாய்மொழியால் சொல்லிக்கொண்டு, அவரினும் ஏழெட்டு ஆண்டே மூத்த துரை காமிராவின் அருகில் நின்றார். நாம் மிகவும் விரும்பிக் கற்பனை செய்துபார்க்கும் காட்சி இது.

மொழி தெரியாதவர் வேலை செய்த முறை எளியது. ஆனால் உழைப்பு மிக்கது. வசனம் முழுவதும் ஆங்கிலத்தில் பெயர்க்கப்பட்டு அவரிடம் தரப்படும். ஒவ்வொரு காட்சியையும், தூரத்திலிருந்து எடுப்பது, இடைத்தூரத்திலிருந்து எடுப்பது, முகத்தை மட்டும் அண்மையில் எடுப்பது என்று துண்டு துண்டாக முன்கூட்டியே பிரித்து எழுதிக்கொள்வார். உச்சரிப்பும் சொற்பிழையும் தமிழறிந்த உதவியாளர் பொறுப்பு. அவர் பார்வை நடிகர் முகத்தில் இருக்கும். சொல் விளங்காமையால் சொல்லில் மயங்க அவருக்கு வழியில்லை. நடிகர் எத்துணை அழகாக அடுக்குமொழி பேசினும், கண் பொய் சொன்னால் அவருக்குத் தெரிந்துவிடும். நம்மவரோ பாட்டில் மெய்மறந்து, பாடுவோர் விழி எங்கே நோக்குகின்றது என்பதைக் கவனியாதிருந்தனர். தமிழறியாமை அவருக்கு ஒரு குறையே. படக்கலைக்கு அது ஒரு பயனாக முடிந்தது. இதைக் கண்டபின்தான் நம் சினம் பாதி தணிந்தது.

காமிராவைத் தள்ளுவண்டியில் ஏற்றி நடிகரோடு நகரச் செய்ததும், மேடைப் பூச்சைக் குறைத்து முகத்துக்கேற்ற ஒப்பனை செய்வித்ததும், குறித்த நேரத்தில் குறித்த வேலை என்னும் ஒழுங்கைப் புகுத்தியதும் அவரோடு சேர்த்துச் சொல்லப்படுவன. இவற்றையெல்லாம் அவர் ஒருவரே முதலில் செய்தார் என்று நாம் சாதிக்கமாட்டோம். கே. சுப்பிரமணியம் முதலிய நம்மவரும் அதே காலத்தில் திறம்பட உழைத்தனர். பம்பாயிலும் இத்தகைய நிலை இருந்தது. ஹிமான்ஸு ராய் 1934-இல் தொடங்கிய பம்பாய் டாக்கீஸில் பிரான்ஸ் ஆஸ்டன் என்னும் ஜெர்மானியர் ஹிந்திப் படங்களை டைரக்ட் செய்துவந்தார்.

‘சீமந்தினி’, ‘இரு சகோதரர்கள்’ ஆகியவை அடுத்து வந்தன. அவற்றைக் கடந்து நாம் ‘அம்பிகாபதி’க்கு வருவோம், ஏனெனில் தமிழ் மாணவர்க்கு இப்படமே முக்கியம்.

கம்பர் மகன் அம்பிகாபதி சோழன் மகள் அமராவதியைக் காதலித்த கதையை அறியாதார் இலர். சிற்றின்பக் கலப்பின்றி நூறு பாடல் பாடினால் உயிர் பிழைக்கலாம் என்பது மன்னன் விதி. காப்புச் செய்யுளையும் எண்ணிக்கையிற் சேர்த்துவிட்ட அமராவதி, தொண்ணூற்றொன்பது முடிந்ததும் நூறாயிற்றென்று மகிழ்ந்து வெளிப்பட, காதலன் அவளைக் கண்டு பாட, தலை போயிற்று. இக்கதைக்கு வரலாற்றுச் சான்று தேடுவோர் ஏமாறுவர். ஆனால் எண்ணிக்கைப் பிழையொன்றால் உயிர் போகும் இக்கதையில் நாடகம் இயல்பாகவே அமைந்திருக்கிறது. 1937 டிசம்பரில் வெளிவந்த அப்படத்தில் எம். கே. தியாகராஜ பாகவதர் அம்பிகாபதி, எம். ஆர். சந்தானலட்சுமி அமராவதி, செருகளத்தூர் சாமா கம்பர். படம் கல்கத்தாவில் எடுக்கப்பட்டது. வெளிவந்தபின் ஓராண்டு ஓடிற்று.

டங்கனுக்குக் கம்பரைத் தெரியாது. ஷேக்ஸ்பியரைத் தெரியும். அதற்கு முந்திய ஆண்டு ஜார்ஜ் குகோர் டைரக்ஷனில் ஹாலிவுட்டில் ‘ரோமியோ ஜூலியத்’ படமாகியிருந்தது. அதன் காதற் காட்சிகளைப் பார்த்து, அவ்வுணர்ச்சி தோன்றத் தமிழில் எழுதுமாறு அவர் வசனகர்த்தரை வேண்டினார். அவ்வசனகர்த்தர் இளங்கோவன், இயற்பெயர் தணிகாசலம், மணிக்கொடிக் கூட்டத்தைச் சேர்ந்த எழுத்தாளர். அதுவரை படவசனம் என்பது பாட்டுக்கும் பாட்டுக்கும் இடையே இட்ட பாலமாகவே இருந்தது. சம்ஸ்கிருதச் சொல்லும் வீட்டுப் பேச்சும் கலந்து வரும். இளங்கோவனோ நல்ல தமிழ் உரைநடையைப் பாத்திரங்களின் வாயில் வைத்தார். பேசுவதைக் கேட்பதற்கென்றே மக்கள் படக்கொட்டகைக்கு வரும் வழக்கம் இங்கிருந்து தொடங்கிற்று. அவரே பின்னர் 1942-இல் ‘கண்ணகி’க்கு வசனம் எழுதிச் சிலப்பதிகாரத்தைப் பாமர மக்களிடம் கொண்டுசென்றார்.

இவ்விடத்தில் ஒன்று கவனிக்கத்தக்கது. தமிழ் அறிந்த டைரக்டராயிருப்பின் வசனத்தில் தாமே கைவைத்திருப்பார். டங்கன் கைவைக்க இயலாதவர். உணர்ச்சி இன்னதென்று சொல்லிவிட்டுச் சொல்லை எழுத்தாளனிடம் விட்டுவிடவேண்டிய நிலை அவருடையது. அதனால், அவர் படங்களில் எழுத்தாளர்க்கு இடம் கிடைத்தது. 1940-இல் வந்த ‘காளமேக’த்திற்கு எழுதியவர் பாரதிதாசன், ஆசுகவியாக நடித்தவர் நாதசுரச் சக்கரவர்த்தி திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை. படம் தோல்வி. நாதசுரத்தை வாயினின்று எடுத்துவிட்டால் பிள்ளையவர்கள் நடிகர் அல்லர் என்பது காரணங்களுள் ஒன்றாயிருக்கலாம். நம் ஆழ்வார்பேட்டையிலேயே கவிஞர் பாரதிதாசன் பெயரால் ஒரு சாலை இருக்கிறது. அவ்வழிச் செல்லும்போதெல்லாம், அக்கவிஞர் எழுதிய அடிகளை ஆங்கிலப் பெயர்ப்பில் மட்டுமே படித்த ஒருவர் படமாக்கியதை எண்ணிக்கொள்வோம். அவர் எதைப் பெற்றார், எதை இழந்தார்?

அதே 1940-இல் ‘சகுந்தலை’ வந்தது. எம். எஸ். சுப்புலட்சுமி சகுந்தலை, ஜி. என். பாலசுப்பிரமணியம் துஷ்யந்தன். தயாரித்தவர் டி. சதாசிவம், அவ்வாண்டிலேயே அவரும் சுப்புலட்சுமியும் மணம் புரிந்தனர். இரு பெரும் சங்கீத வித்துவான்கள் காதலராய் நடித்தமையால், படம் பார்த்தோர்க்குக் கச்சேரியும் கிடைத்தது. யுத்தம் மூண்டபின் டங்கன் சென்னை அரசாங்கத்திற்காகச் செய்திப் படங்களும் யுத்தப் பிரசாரப் படங்களும் எடுத்தார். அக்காலத்தில் படச்சுருள் கிடைத்தல் அரிது. ஒரு படம் 11,000 அடிக்கு மேற்படலாகாது என்று இந்திய அரசாங்கத்தார் வரையறுத்தனர். திரையில் ஒரு நிமிடத்திற்கு 90 அடி ஓடும். ஆகவே 11,000 அடி என்பது இரண்டு மணி நேரத்திற்குச் சற்றே மேல். மூன்று மணி நேரம் பாடிப் பழகிய தமிழ்ப் படத்திற்கு அது பத்தியச் சாப்பாடு போன்றிருந்தது. பத்தியம் உடம்புக்கு நல்லதே என்பதைக் காட்டியது ‘மீரா’.

1945-ஆம் ஆண்டு தீபாவளிக்கு வெளியான ‘மீரா’வைப்பற்றிப் பாட்டறிந்தோர் எழுதியவை ஏராளம். நாம் ஒளியைப்பற்றி ஒரு சொல் கூறுவோம். படம் தொடங்குமுன் டங்கன் சுப்புலட்சுமியின் முகத்தை அச்சு எடுத்தாற்போல ஒரு சுதைச் சிலை செய்வித்தார். அதனை முன்வைத்து, ஒளிப்பதிவாளர் ஜிதன் பானர்ஜியுடன் சேர்ந்து, விளக்கை மேலிருந்தும் பக்கத்திலிருந்தும் தாழவிருந்தும் மாறி மாறிப் பாய்ச்சி, எந்தக் கோணத்தில் எந்த உணர்ச்சி தோன்றுகிறதென்று சோதித்தார். பக்தியென்னும் உள்ளத்து நிலையைப் புறத்தே காட்டவேண்டும். அதற்கு விளக்கு எங்கே நிற்கவேண்டும் என்று ஒருவர் சுதைச் சிலையின்முன் அமர்ந்து கணக்கிட்டார் என்பது நமக்கு மெய்சிலிர்க்கும் செய்தி. படத்தில் மீரா கண்ணனை நோக்கி நிற்குமிடங்களில் நெற்றியிலும் கன்னத்திலும் படியும் மென்மையான ஒளியைப் பார்த்தோர், அவ்வுழைப்பு வீண்போகவில்லை என்பர். சதாசிவத்தின் மகள் ராதா சிறுமி மீராவாகப் பாடத் தொடங்க, அப்பாட்டு முடிவதற்குள் சிறுமி மங்கையாகிச் சுப்புலட்சுமியாய் நிற்கும் மாற்றமும் காமிராவால் மட்டுமே சொல்லத்தக்க கதை. மேடையில் இதற்குத் திரை போடவேண்டும். நாகையா ராணாவாக நடித்தார். படப்பிடிப்புக் குழு ராஜபுதனத்திற்கே சென்று படம்பிடித்தது. 1947-இல் வெளிவந்த ஹிந்தி ‘மீரா’வில் சரோஜினி தேவியாரே திரையில் தோன்றிச் சுப்புலட்சுமியை வடநாட்டார்க்கு அறிமுகம் செய்துவைத்தார்.

1950-இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸாருக்காக அவர் எடுத்த இரு படங்கள் அவருடைய கடைசித் தமிழ்ப் படங்கள். ‘பொன்முடி’ பாரதிதாசனின் ‘எதிர்பாராத முத்தம்’ என்னும் காவியத்தினின்று பிறந்தது. அதன் காதற் காட்சிகள் வரம்பு கடந்தவை என்று பத்திரிகைகள் கண்டித்தன. கண்டனம் முழுதும் பொய்யென்று தள்ளுதல் இயலாது. சங்கப் பாட்டில் களவொழுக்கம் எவ்வளவு நெருக்கமாகப் பாடப்பெறினும், அங்கே ஒரு திரை, குறிப்பு என்னும் திரை, தொங்கிக்கொண்டே இருக்கும். உள்ளுறையையும் இறைச்சியையும் பயின்றவர் கையில் அக்காட்சிகள் வேறுவகையாய் அமைந்திருக்கும் என்பது நம் துணிபு. தமிழறியாமையின் இழப்பை இங்கே கண்கூடாகக் காண்கிறோம். நம் சினத்தின் தணியாத பாதி இதுவே. பதினைந்து ஆண்டுகளில் ஒரு மொழியைக் கற்றுக்கொள்ள நேரம் கிடைத்திராது என்று நாம் ஒப்பமாட்டோம்.

மற்றொரு படம் ‘மந்திரி குமாரி’. வசனம் எழுதியவர் அப்போது இருபத்தாறு வயதினராயிருந்த மு. கருணாநிதி. கதைக்கு வேர் ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றாகிய குண்டலகேசி. நாதகுத்தனார் இயற்றிய அக்காப்பியம் நமக்கு முழுதும் கிடைக்கவில்லை. புறத்திரட்டு முதலியவற்றில் சிதறிக் கிடக்கும் பத்தொன்பது செய்யுட்களே எஞ்சின. கதையைப் பிற நூல்களின் வாயிலாக அறிகிறோம். கள்வன் ஒருவனைக் காதலித்து மணந்த செல்வமகள், அவன் தன்னைக் கொல்லும் பொருட்டு மலையுச்சிக்கு அழைத்துச் சென்றதை உணர்ந்து, இறக்குமுன் கணவனை மும்முறை வலம்வர வேண்டுமென்று கேட்டு, பின்னால் வரும்போது அவனைத் தள்ளிவிடுகிறாள். படத்தில் மாதுரி தேவி அமைச்சன் மகளாகவும், எஸ். ஏ. நடராஜன் கொள்ளைக்காரனாகிய கணவனாகவும் நடிக்க, எம். ஜி. ராமச்சந்திரன் தளபதியாக வருகிறார். படம் முடியுமுன்னரே டங்கன் அமெரிக்கா திரும்ப நேர்ந்தமையால் எஞ்சியதை டி. ஆர். சுந்தரம் முடித்தார், இருவர் பெயரும் படத்தில் உண்டு.

இப்படத்தைக் கொண்டு நாம் ஒரு சிறு சோதனை செய்தோம். நம் கல்லூரி விடுதியில் மிஜோரம் நாட்டு நண்பர் ஒருவர் உளர். தமிழில் ‘சாப்பாடு’, ‘போதும்’ என்னும் இரண்டு சொற்களையே அறிந்தவர். ஒரு சனிக்கிழமை மாலை அவரை அருகில் இருத்தி, மடிக்கணினியில் ‘மந்திரி குமாரி’யைப் போட்டுக் காட்டினோம், கதை இன்னதென்று ஒன்றும் சொல்லவில்லை. அரசவைக் காட்சிகளில் எதுகையும் மோனையும் பொழிய நாம் கைகொட்டி நகைத்தபோது அவர் கைப்பேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார். மலையேறும் காட்சி வந்ததும் கைப்பேசியைக் கீழே வைத்தார். கணவன் முகத்தைப் பார்த்த அளவிலேயே, “இவன் அவளைக் கொல்லப் போகிறான்” என்றார். அவள் வலம்வரத் தொடங்கியபோது, “ஏன் சுற்றுகிறாள்?” என்று வினவினார். நாம் விடை சொல்லவில்லை. இரண்டாம் சுற்றில் அவரே கண்டுகொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தார். டங்கனுடைய வலிமையும் அவருடைய எல்லையும் அவ்வொரு மாலையில் நமக்கு விளங்கின. நண்பர் கைப்பேசியைப் பார்த்திருந்த நேரம் கருணாநிதிக்கும் நமக்கும் உரியது. டங்கனுக்கு அங்கே வேலை இல்லை. மலையுச்சி எல்லார்க்கும் பொது.

தாய்நாடு திரும்பிய டங்கன் மேற்கு வர்ஜீனியாவில் வீலிங் என்னும் ஊரில் தங்கி விவரணப் படங்களும் தொழிற்சாலைகளுக்கான படங்களும் எடுத்து வாழ்ந்தார். தமிழ் நாட்டில் பாகவதரையும் சுப்புலட்சுமியையும் படம்பிடித்தவர் இவரென்று அவ்வூராருள் எத்தனை பேர் அறிந்திருப்பர்! 1994-இல் முதிய வயதில் மீண்டும் சென்னைக்கு வந்தார். பட உலகத்தார் அவரை வரவேற்றுப் பாராட்டினர். அவர் அன்று ஓர் ஓரத்தில் நிறுத்திய பத்தொன்பது வயதுப் போலீஸ் இன்ஸ்பெக்டர் முதலமைச்சராகிப் பத்தாண்டு ஆண்டு 1987-இல் மறைந்துவிட்டிருந்தார். 2001-ஆம் ஆண்டில் டங்கனின் தன்வரலாறு அச்சாயிற்று. அவ்வாண்டு டிசம்பர் முதல் நாள், தொண்ணூற்றிரண்டாம் வயதில், வீலிங்கில் காலமானார். 2013-இல் கரண் பாலி என்பவர் அவரைப்பற்றி ஒரு விவரணப் படம் எடுத்தார். நாம் இக்கட்டுரை எழுத முதற் தூண்டுதல் அதுவே.

‘அம்பிகாபதி’யையும் ‘சகுந்தலை’யையும் ‘மீரா’வையும் ‘பொன்முடி’யையும் ‘மந்திரி குமாரி’யையும் இன்றும் பார்க்கலாம். ‘காளமேகம்’ கிடைக்கவில்லை. ‘சதி லீலாவதி’யின் பிரதி ஒன்றுகூட எஞ்சியதாகத் தெரியவில்லை. அக்காலப் படச்சுருள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் பொருளால் ஆனது; வெப்பத்திலும் ஈரத்திலும் தானே அழிந்து பொடியாகும்; வெள்ளி எடுப்பதற்கென்று சுருள்களை உருக்கியவர்களும் உண்டு. குண்டலகேசியிலேனும் பத்தொன்பது செய்யுள் தப்பின. பத்தொன்பது வயது ராமச்சந்திரன் சீருடையில் நின்ற காட்சிக்கு இன்று எஞ்சியிருப்பவை சில நிழற்படங்களும் பழைய விளம்பரங்களுமே.